ஷட்டருக்குள் போன உத்தரவு

போன மாதம் ஒரு காலை ஒத்தக்கடையிலிருந்து தேன்மொழி போன் செய்தாள். நான் ஓய்வு பெற்ற பிறகு எங்கள் கோர்ட்டில் என் வேலைக்கு வந்தவள் அவள். குரலில் பதற்றம்.

"அண்ணே, ஒரு தடை உத்தரவ வாட்ஸ்அப்ல அனுப்புனேன். ரெண்டு நீல டிக்கும் விழுந்திருச்சு. இப்ப அந்தாளு நான் பாக்கவே இல்லங்கிறாரு. போன் பேரன் கையில இருந்துச்சாம்."

"பேரனுக்கு எத்தன வயசு?"

"மூணு."

"அப்ப உத்தரவு தெரிஞ்சது அவனுக்குத்தான். அவனையே ஆஜர்படுத்து."

சிரித்துவிட்டாள். சிரித்து முடித்ததும், "அந்த ஷட்டர் கதைய நீங்களே ஒருக்கா எழுதிக் குடுங்கண்ணே. நான் சொன்னா புதுசா வந்த பிள்ளைக நம்ப மாட்டேங்குதுக" என்றாள். எனக்கும் வேறு வேலை இல்லை. பேசச் சொன்னால் விடிய விடியப் பேசுவேன், எழுதுவது புதுசு. பேசுகிற மாதிரியே எழுதிவிடுகிறேன்.

முதலில் என் வேலை என்ன என்று சொல்லிவிட வேண்டும். அரசாங்கக் காகிதத்தில் நான் 'கட்டளை நிறைவேற்றுநர்'. ஊரார் வாயில் 'அமீனா'. கோர்ட்டிலிருந்து புறப்படுகிற சம்மன், நோட்டீஸ், தடை உத்தரவு எல்லாவற்றையும் உரியவர் கையில் கொண்டுபோய்ச் சேர்க்கிற ஆள். அப்படிச் சேர்ப்பதற்கு எங்கள் பாஷையில் 'சார்பு செய்வது' என்று பெயர். பத்தாவதோடு படிப்பை நிறுத்தியவன் நான். வேலைவாய்ப்பு அலுவலகத்திலிருந்து கார்டு வந்தது, போனேன், சேர்ந்தேன். சட்டத்தைக் காலேஜில் படிக்கவில்லை. கொண்டுபோகிற காகிதத்தை டவுன் பஸ்ஸில் உட்கார்ந்து படித்துப் படித்துத் தெரிந்துகொண்டேன். சிம்மக்கல்லில் ஏறினால் திருமங்கலம் போய்ச் சேருவதற்குள் ஒரு வழக்கு முடிந்துவிடும்.

சம்மனைப் பார்த்ததும் ஜனங்கள் சொல்கிற வார்த்தையை ஒரு நோட்டில் எழுதி வைப்பது என் வழக்கம். திருமங்கலம் பக்கத்து விவசாயி ஒருவர் காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "கோர்ட்டுக்கு என் வீடு தெரிஞ்சிருக்கு. பஸ்ஸுக்குத்தான் தெரிய மாட்டேங்குது" என்றார். ஒத்தக்கடையில் ஒரு அம்மா கையெழுத்துப் போடப் பேனாவை வாங்கி, "போடுறேன்யா. ஆனா இதப் போட்டதால என் கொழுந்தன் ஜெயிச்சான்னு எழுதிப்புடாத" என்றார். அந்த நோட்டு இப்போதும் என் அலமாரியில் இருக்கிறது. பென்ஷன் புத்தகத்துக்கு மேலே அதுதான்.

எங்கள் மேலதிகாரிக்குப் பதவிப் பெயர் 'நாசர்'. யார் எந்தத் தெருவுக்கு எந்தக் காகிதத்தோடு போக வேண்டும் என்று பிரித்துக் கொடுப்பவர். எனக்கு வாய்த்த நாசர் மங்கையர்க்கரசி அம்மா. என்னைவிட நாலு வயசு இளையவர். குரலை உயர்த்தியே பார்த்ததில்லை. சாதாரணமாக என்னை 'முருகேசண்ணே' என்பார். கோபம் வந்துவிட்டால் 'வாங்க சார்' என்பார். அந்த 'சார்' விழுந்ததும் செக்‌ஷனில் மின்விசிறிச் சத்தம் மட்டும்தான் கேட்கும்.

அவருடைய பழக்கம் ஒன்றை வேறெந்தக் கோர்ட்டிலும் நான் பார்த்ததில்லை. தடை உத்தரவு ஏதாவது இருந்தால் காலையில் கிளம்புவதற்கு முன் எங்களை நிறுத்தி, மூக்குக்கண்ணாடியைத் தலைமுடிக்கு ஏற்றிவிட்டு, "எங்க, எனக்குச் சார்பு செய்ங்க பாப்போம்" என்பார். அந்த நிமிஷத்திலிருந்து அவர் நாசர் இல்லை, உத்தரவை வாங்க வேண்டிய எதிர்மனுதாரர். ஒருநாள் காது கேட்காதவராக இருப்பார். ஒருநாள், "இந்த வீட்ல அப்படி ஆளே இல்ல" என்று தன் பேரையே மறுப்பார். ஒருநாள் முந்தானையில் முகத்தை மூடி அழவே ஆரம்பித்துவிட்டார்; நான் பயந்துபோய்த் தண்ணீர் எடுக்க ஓடினேன். திரும்பி வந்தால், "நீங்க தண்ணி எடுக்கப் போன நேரத்துல நான் பின்வாசல் வழியா போயிட்டேன். காகிதம் இன்னும் உங்க கையிலதான் இருக்கு" என்றார்.

அவர் சொன்ன முறை இது. முதலில் பேரைக் கேள். பிறகு உத்தரவை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் சத்தமாகப் படி. படித்ததை அவருக்குப் புரிகிற பேச்சில் ஒருமுறை சொல். அப்புறம்தான் கையெழுத்து. ஆள் இல்லையா, காத்திரு. காத்தும் வரவில்லையா, மறுநாள் போ. வேறு வழியே இல்லை என்றால்தான் வாசல் கதவில் ஒட்டலாம், அதுவும் ஆடு எட்டாத உயரத்தில்.

இந்த ஆட்டு விஷயம் விளையாட்டு இல்லை. எங்களில் ஒருவர் ஒரு சம்மனை மைதா பசை போட்டு இடுப்பு உயரத்தில் ஒட்டிவிட்டு வந்தார். பசை ருசிக்கு ஒரு வெள்ளாடு அதைக் கிழித்துத் தின்றுவிட்டது. 'சம்மனை ஆடு தின்றுவிட்டது' என்று நாசரம்மா நீதிபதிக்கு எழுத்து மூலமாகக் கொடுக்க வேண்டியதாகப் போயிற்று. அதிலிருந்து எங்கள் எல்லாருக்கும் கை தானாக மேலே போகும்.

இவ்வளவு கறார் எதற்கு என்று கேட்கலாம். கோர்ட் உத்தரவை மீறினார் என்று பேப்பரில் வந்தால் யாரோ பெரிய மனிதரைத்தான் நினைக்கிறோம். எங்கள் கோர்ட்டுக்கு வந்தது வாய்க்கால், வேலி, மாடிப்படி. மீறினால் சாமானிய மனிதனுக்கும் சிவில் சிறை உண்டு, மூன்று மாதம் வரைக்கும். ஆனால் அவன் தெரிந்தே மீறியிருக்க வேண்டும். தெரியாமல் செய்தவனுக்குத் தண்டனை இல்லை. தெரியுமா தெரியாதா என்பதற்குச் சாட்சி யார்? உத்தரவைக் கொண்டுபோன அமீனா. அதாவது நான்.

இனி காதர் பாய் விஷயம்.

சிம்மக்கல்லில் ஒரு முடுக்கு. இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் திரும்பி நிற்க வேண்டும், அம்புட்டு அகலம். அதன் முனையில் காதர் பாயின் தகரப்பெட்டிப் பட்டறை. கல்யாணச் சீருக்குப் பூப்போட்ட டிரங்குப் பெட்டி செய்கிறவர். பட்டறையை ஒட்டி ஒரு மாடிப்படி. பின்வீட்டில் இருக்கும் பாண்டியம்மாள் அக்காவுக்கு மொட்டை மாடிக்குப் போக அந்தப் படி ஒன்றுதான் வழி. அவர் தொழில் அப்பளமும் கூழ்வத்தலும். வெயில் இல்லாவிட்டால் அவர் வீட்டில் அடுப்பு இல்லை. அந்தப் படி இல்லாவிட்டால் அவருக்கு வெயில் இல்லை.

இருவருக்கும் சண்டை எப்படி வந்தது? மாடியில் ஊற்றிய கூழ் வழிந்து பாயின் தகடுகள்மேல் சொட்டியது, தகடு துருப்பிடித்தது. பாய் கத்தினார், அக்காவும் கத்தினார். மறுவாரம் பாய் தகடுகளை மாடிப்படியில் கொண்டுவந்து அடுக்கினார். அக்கா கோர்ட்டுக்கு வந்தார். படியை மறிக்கக் கூடாது என்று இடைக்காலத் தடை உத்தரவு கிடைத்தது. எதிர்த்தரப்புக்குச் சொல்லாமலே முதல் நாளிலேயே கொடுக்கிற அவசர உத்தரவு அது. அப்படியொரு வழக்கு இருப்பதே அந்தக் காகிதம் போய்ச் சேர்ந்தால்தான் பாய்க்குத் தெரியும்.

முதல் நாள் போனேன். பாய் தகடு வாங்கப் போயிருந்தார். மறுநாள் போனேன். அது வெள்ளிக்கிழமை, மதியம். ஷட்டர் இறங்கிக் கிடந்தது. ஜும்மா தொழுகைக்குப் போயிருப்பார் என்று எனக்குத் தெரியும். அரைமணி நேரம் நின்றால் வந்துவிடுவார் என்பதும் தெரியும். ஆனால் அன்று திருமங்கலத்தில் இன்னொரு காகிதம், கடைசி நாள். பஸ்ஸை நினைத்தேன். டிபன் டப்பாவிலிருந்த பசையை எடுத்தேன்.

எதிரே சேதுவின் டீக்கடை. ஒரு ஸ்டூலைக் கேட்டு வாங்கி, ஷட்டரின் உச்சியில், எந்த ஆடும் எட்டாத உயரத்தில், நாலு மூலையும் படிய ஒட்டினேன். சாட்சிக் கையெழுத்துக்குச் சேதுவைக் கூப்பிட்டேன்.

"அண்ணே, அவுக ரெண்டு பேருமே எங்கிட்ட டீ குடிக்கிறவுக. என்னைய விட்டுருங்க. நான் எதையும் பாக்கல" என்று பாலை ஆற்றப் போய்விட்டான்.

மூட்டை தூக்கிக்கொண்டு அந்த வழியே போன இரண்டு பேர் கையெழுத்துப் போட்டார்கள். நான் பஸ் ஏறிவிட்டேன். 'கதவு பூட்டியிருந்தபடியால் முன்கதவில் ஒட்டப்பட்டது' என்று அறிக்கை கொடுத்தேன். ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை.

மூன்று வாரம் கழித்து பாண்டியம்மாள் தரப்பில் மனு வந்தது. உத்தரவு ஒட்டிய பிறகும் படியில் தகடு இருக்கிறது, முன்னைவிட உயரமாக இருக்கிறது, வேண்டுமென்றே மீறுகிறார், சிறையில் அடைக்க வேண்டும். காதர் பாய்க்கு மறுபடி நோட்டீஸ் போயிற்று. இந்தத் தடவை எங்களில் வேறொரு அமீனா அதைப் பாயின் கையிலேயே கொடுத்துவிட்டார். பாய் அலறியடித்து ஒரு வக்கீலைப் பிடித்து, "நான் அப்படி ஒரு உத்தரவக் கண்ணாலயே பாக்கல" என்று பதில் போட்டார். வழக்கு முடியுமுன் தகட்டை எடுத்தால் தப்பை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகும் என்று வக்கீல் சொல்ல, அது படியிலேயே கிடந்தது.

கோர்ட் வராந்தாவில் எல்லாரும் சிரித்தார்கள். பார்க்கவில்லை என்று சொல்லாத எதிர்மனுதாரரை நாங்கள் யாரும் பார்த்ததே இல்லையே. நானும் சிரித்தேன். அவர் மூத்த பெண்ணுக்கு நிக்காஹ் பேசியிருக்கிறது என்றும், ஜெயிலுக்குப் போன ஆள் வீட்டில் சம்பந்தம் வேண்டாம் என்று மாப்பிள்ளை வீட்டார் முணுமுணுக்கிறார்கள் என்றும் கேள்விப்பட்டேன். ஐயோ பாவம் என்று நினைத்தேன், அவ்வளவுதான். சாட்சி சொல்ல எனக்குத் தேதி வந்தது.

அதற்கு நாலு நாள் முன்னால், அதே முடுக்கில் வேறொரு வீட்டுக்குக் காகிதம். காலை ஒன்பது மணி இருக்கும். சேதுவின் கடையில் டீயை வாயில் வைக்கிறேன், எதிரே காதர் பாய் வந்து பூட்டைத் திறந்தார். குனிந்தார். ஷட்டரை ஒரே இழுப்பில் மேலே தள்ளினார். கடகடவென்று சுருண்டு மேல் பெட்டிக்குள் போயிற்று.

டீ என் சட்டையில் கொட்டியது.

ஷட்டரின் உச்சிதானே முதலில் உள்ளே போகிறது! அன்றைக்கு நான் ஈரப் பசையோடு ஒட்டிவிட்டுப் போன அரைமணியில் இந்த மனிதர் தொழுகை முடித்து வந்திருப்பார். குனிந்து பூட்டைப் பார்த்திருப்பார், நிமிர்ந்து மேலே எதற்குப் பார்க்கப் போகிறார்? ஒரே தள்ளு. கோர்ட் உத்தரவு முத்திரையோடு சுருளுக்குள் போயிருக்கும்.

"என்னாண்ணே, சூடு அம்புட்டா?" என்றான் சேது.

"எனக்குத்தான்டா சூடு" என்றேன்.

நேரே நாசரம்மாவிடம் போனேன். பாதி சொல்லும்போதே கண்ணாடி தலைக்கு ஏறிவிட்டது.

"வாங்க சார்" என்றார்.

மின்விசிறிச் சத்தம் கேட்டது.

"வெள்ளிக்கெழம மத்தியானம்னு தெரியும். பாய்னு தெரியும். அரைமணி நேரம் நிக்க முடியல. அப்படித்தான சார்?"

"ஆமாம்மா."

"சாட்சிக் கூண்டுல என்ன சொல்லப் போறீக?"

"ஒட்டுனேன்னு. அது உண்மைதானம்மா."

"உண்மைதான். அதோட எறங்கிருவீகளா?"

ஒட்டினேன் என்று சொல்லிவிட்டு இறங்கினால் எனக்கு ஒன்றும் ஆகாது. பாய் உள்ளே போவார். மீதியையும் சொன்னால் பாய் பிழைப்பார், எனக்கு மெமோ வரும். ஊதிய உயர்வு நிற்கும். வீட்டில் இரண்டு பேர் படித்துக்கொண்டிருந்தார்கள்.

நாசரம்மா கண்ணாடியைக் கீழே இறக்கினார். "மெமோ நான் குடுப்பேன். அதுல மாத்தமில்ல. நீங்க என்ன சொல்லணும்னு நான் சொல்ல மாட்டேன் முருகேசண்ணே. போய் ஒரு டீ குடிங்க. சட்டைக்கு ஊத்தாம குடிங்க."

'அண்ணே' திரும்பி வந்ததே, அதில் பாதித் தைரியம் வந்துவிட்டது.

சாட்சி சொல்லும் நாள். கூண்டில் ஏறினேன். காதர் பாய் கைகட்டி நிற்கிறார், முகத்தில் ரத்தமே இல்லை. அந்தப் பக்கம் பாண்டியம்மாள் அக்கா, உதட்டை இறுக்கிக்கொண்டு. அக்காவின் வக்கீல் கேட்டார்:

"உத்தரவை முன்கதவில் ஒட்டினீர்களா?"

"ஒட்டினேன்."

"நன்றாகத் தெரியும் இடத்தில்?"

"ஒட்டும்போது தெரிந்தது, அய்யா."

வக்கீல் உட்காரப் போனவர் நிமிர்ந்தார். நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டு, "ஒட்டும்போது என்றால்?" என்றார்.

வாயால் விளங்க வைக்க முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை. அனுமதி கேட்டு, மேஜையிலிருந்த ஒரு பழைய கேஸ் கட்டு அட்டையை வாங்கினேன். அதன் உச்சியில் ஒரு துண்டுக் காகிதத்தை வைத்துப் பிடித்து, மேலிருந்து சுருட்டிக் காட்டினேன். காகிதம் மறைந்தது. "கடை திறந்திருக்கிற நேரமெல்லாம் உத்தரவு இப்படித்தான் இருந்திருக்கும், அய்யா. காத்திருந்து கையில் கொடுத்திருக்க வேண்டும். காத்திருக்கவில்லை. தப்பு என்னுடையது."

கடைசி பெஞ்சில் யாரோ களுக் என்று சிரித்தார்கள். நீதிபதிக்கும் உதடு துடித்தது, அடக்கிக்கொண்டார். அக்காவின் வக்கீல் மட்டும் விடவில்லை. சாத்தும்போது ஷட்டர் கீழே வருமே, காகிதமும் வருமே, இத்தனை நாளில் ஒரு தடவைகூடக் கண்ணில் படாதா என்றார். நியாயமான கேள்விதான். ஒரு வக்கீலை ஆணையராக நியமித்து, ஷட்டர் பெட்டியைத் திறந்து பார்த்து அறிக்கை தரச் சொன்னார் நீதிபதி. அடையாளம் காட்ட நானும் போக வேண்டும்.

அந்தக் காலை முடுக்கில் ஒரு சின்னத் திருவிழா. ஜன்னலுக்கு ஜன்னல் தலை. சேது இரண்டாவது பால் பாத்திரம் ஏற்றிவிட்டான். காதர் பாயே ஏணி போட்டு ஏறி, பெட்டியின் மூடித் தகட்டை ஒவ்வொரு திருகாகக் கழற்றினார். கீழே ஆணையர், நான், பாண்டியம்மாள் அக்கா.

"இருக்கா பாய்?" என்றான் சேது.

"தூசிதான் இருக்கு."

"நல்லாப் பாருங்க."

"ஒரு குருவிக்கூடு இருக்கு."

பாய் கையை உள்ளே விட்டார். முழங்கை வரைக்கும் போயிற்று. உருளைக்கும் சுவருக்கும் நடுவிலிருந்து ஒரு கறுப்புச் சுருளை இழுத்தார். கிரீஸ் தோய்ந்து அப்பளம் மாதிரி முறுகிக் கிடந்தது. ஈரப் பசை அடுத்த சுற்றில் ஒட்டிக்கொண்டு, ஒட்டிய அன்றே ஷட்டர் இறங்கும்போது பிய்ந்து உள்ளே விழுந்திருக்கிறது. ஆணையர் பிரித்தார். பாதிக் காகிதம். ஆனால் கோர்ட் முத்திரை இருந்தது, என் கையெழுத்து இருந்தது, நடுவில் காதர் பாய் பேரும் இருந்தது.

பாய் ஏணியில் நின்றபடியே எட்டிப் பார்த்தார். "அல்லாவே, எம் பேரு!" என்று கத்திவிட்டார். முடுக்கே கைதட்டியது. ஜெயிலிலிருந்து விடுதலையான மாதிரி எல்லாருக்கும் சந்தோஷம். ஆனால் யாரும் இன்னும் ஜெயிலுக்குப் போகவே இல்லை.

பாண்டியம்மாள் அக்கா அந்தக் காகிதத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். மூன்று மாதமாகப் பாயிடம் பேசாதவர். வக்கீல் பேசக் கூடாது என்று சொல்லியிருந்தார்.

"நெசமாவே பாக்கலையா பாய்?"

"எம் மக சத்தியமா இல்லக்கா. பாத்திருந்தா கோர்ட்டு சொன்னதுக்கு அப்பறமும் தகட அடுக்குவேனா? எனக்கென்ன கிறுக்கா?"

"கோர்ட்டு சொல்றதுக்கு முந்தி அடுக்குனீகளே, அது மட்டும் நல்லா இருந்துச்சோ?"

"நீங்க மட்டும் கூழ எந்தலையில ஊத்துனீக!"

"தகட்டுல ஊத்துனேன். தலையில ஊத்தியிருக்கணும்."

சேது இரண்டு பேர் கையிலும் டீயைத் திணித்தான். "நான் எதையும் பாக்கல" என்றான்.

மனு தள்ளுபடி ஆயிற்று. தெரிந்தே மீறவில்லை என்று எழுதினார் நீதிபதி. தடை உத்தரவு மட்டும் அப்படியே நின்றது. பாயைக் கூண்டுக்கு அழைத்து, உத்தரவை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் தானே படித்துக் காட்டினார். "இப்போது தெரிந்துவிட்டதல்லவா?" என்றார். "நல்லாத் தெரிஞ்சிருச்சுங்கய்யா" என்று பாய் மூன்று தடவை சொன்னார். அன்று சாயங்காலமே படி காலி. மறுநாள் மாடியில் அப்பளம் காய்ந்தது. கூழ் வழியாமலிருக்க மாடி விளிம்பில் நீளத்துக்குத் தகரத்தில் ஒரு வடிகால் அடித்துக் கொடுத்துவிட்டார் பாய். அதைச் சண்டை வருவதற்கு முன்பே செய்திருக்கலாமே என்று கேட்டேன். "அப்ப கோவம்ணே, மண்டைக்கு எட்டல" என்றார்.

நாசரம்மா சொன்னபடியே மெமோ கொடுத்தார். ஊதிய உயர்வு ஆறு மாதம் தள்ளிப்போயிற்று. அதோடு காலை ஒத்திகையில் புதிதாக ஒரு வேஷமும் சேர்ந்தது. இரண்டு கையையும் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு, "நான் ஷட்டர். இப்ப மேல போறேன். காகிதம் எங்க?" என்பார். பதில் சொல்லாதவர் அன்று வெளியே போக முடியாது.

கதை இதோடு முடிந்தது என்றுதான் நானும் நினைத்தேன். மறு மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, என் வீட்டு வாசலில் காதர் பாய். வெள்ளைச் சட்டை, கையில் ஒரு கவர். உள்ளே வாங்க என்றால் வரவில்லை. வாசலிலேயே விறைப்பாக நின்றார்.

"முருகேசன்கிறது நீங்கதான?"

"பாய், என்ன இது?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லுங்க. நீங்கதான?"

"நான்தான்."

கவரைப் பிரித்தார். நிக்காஹ் அழைப்பிதழ். தொண்டையைச் செருமிக்கொண்டு, முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும், பெரியவர்கள் பேர், மண்டபம், நேரம், எதையும் விடாமல், தெருவே திரும்பிப் பார்க்கிற மாதிரி சத்தமாகப் படித்தார். பிறகு சொந்தப் பேச்சில் சொன்னார்: "அதாவது எம் மகளுக்குக் கல்யாணம். நீங்க குடும்பத்தோட வந்து சாப்புடணும். வெளங்குச்சா?"

"வெளங்குச்சு பாய்."

சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்து நீட்டினார். அழைப்பிதழின் இன்னொரு பிரதியின் பின்பக்கத்தில், பெற்றுக்கொண்டேன் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். வாங்கிப் பார்த்துவிட்டு மடித்து வைத்துக்கொண்டார்.

"வரலேன்னா தெரிஞ்சே மீறுனதாத்தான் எடுத்துக்குவேன்" என்றார். அப்புறம்தான் சிரித்தார்.

"நான் வீட்ல இல்லாம இருந்திருந்தா?" என்றேன்.

என் வீட்டுக் கதவை மேலும் கீழும் பார்த்தார். "நீங்க வர்ற வரைக்கும் இந்தப் படியில உக்காந்திருப்பேன்ணே."

கல்யாணத்துக்கு நாங்கள் நாலு பேரும் போனோம். பிரியாணிப் பந்தியில் இலைக்கு இரண்டு அப்பளம் வைத்தார்கள். எனக்கு மட்டும் பாண்டியம்மாள் அக்கா தன் கையாலேயே நாலு வைத்தார்.